55 சதவீதம் என்று காசு கொடுத்து வாங்கிய சான்றிதழ் கோர்ட்டில் நிற்கவில்லை

நான் டைல்ஸ் ஒட்டும் வேலை செய்பவன். இருபது வருடமாகத் தரையில் குத்தவைத்து உட்கார்ந்து சம்பாதித்தவன். 2022 ஜூன் மாதம் ஒரு காலை வேலைக்குப் போகும்போது, தாராபுரம் சாலையில் எதிரே வந்த கார் சைகை எதுவும் காட்டாமல் திடீரென்று வலது பக்கம் திரும்பி என் மேல் ஏறியது. வலது முழங்காலுக்குக் கீழே எலும்பின் தலைப்பகுதி நொறுங்கிவிட்டது. பிளேட்டும் ஸ்குருவும் வைத்து ஆபரேஷன் செய்தார்கள். இன்றைக்கு நடக்கிறேன், வண்டி ஓட்டுகிறேன், பார்ப்பவர்களுக்கு ஒன்றும் தெரியாது. ஆனால் முழங்கால் 90 டிகிரிக்கு மேல் மடங்காது. தரையில் குத்தவைக்க முடியாது. டைல்ஸ்காரனுக்கு அதைவிடப் பெரிய இழப்பு வேறு இல்லை.

இழப்பீட்டு வழக்கு போட்டேன். அதில் ஊனச் சான்றிதழ் என்ற ஒரே காகிதத்துக்காக நான் அலைந்த அலைச்சலும் இழந்த பணமும் இன்னொருவருக்கு வரக்கூடாது என்றுதான் எழுதுகிறேன். எனக்கு முன்னால் போனவர்கள் ஒருவராவது உட்கார வைத்து விவரமாகச் சொல்லியிருந்தால் ஒன்றரை வருடம் மிச்சமாகியிருக்கும்.

முதல் தவறு, எனக்கு நினைவே சரியாக இல்லாத நேரத்தில் நடந்தது. ரோட்டில் கிடந்த என்னை வேலைக்கூட்டாளி ஒருவர் ஆட்டோவில் தூக்கிப்போட்டுப் பக்கத்திலிருந்த தனியார் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். பதற்றத்தில் அவர் சொன்னது, "வண்டியில இருந்து விழுந்துட்டாருங்க." அதை அப்படியே விபத்துப் பதிவேட்டில் எழுதிவிட்டார்கள். ஏ.ஆர். காப்பி என்பார்களே, அதுதான். இரண்டு வருடம் கழித்து இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் கூண்டில் நின்ற என்னிடம் நீட்டிய முதல் காகிதம் அது. "நீங்களாகவே வழுக்கி விழுந்ததாகத்தானே ஆஸ்பத்திரியில் சொல்லியிருக்கிறீர்கள்?" என்று கேட்டார். கார் எண்ணோடு எஃப்.ஐ.ஆர். இருந்ததும், மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கையில் காரின் முன்பக்க மோதல் தடம் பதிவாகியிருந்ததும்தான் என்னைக் காப்பாற்றின. அதனால் யாரையாவது ஆஸ்பத்திரியில் சேர்க்கப் போனால், எந்த வண்டி, எந்த எண், எந்த இடத்தில் மோதியது என்று சேர்க்கும்போதே சொல்லி எழுத வையுங்கள். தவறாக எழுதியிருந்தால் நினைவு தெளிந்த அன்றே போலீஸிடம் கொடுக்கும் வாக்குமூலத்தில் நடந்ததைத் தெளிவாகச் சொல்லிவிடுங்கள்.

எஃப்.ஐ.ஆரையும் ஒரு தடவை வாசித்துப் பாருங்கள். என் எஃப்.ஐ.ஆரில் அப்போதைய இந்திய தண்டனைச் சட்டம் 279, 337 என்று போட்டிருந்தார்கள். 337 சாதாரணக் காயத்துக்கு. எலும்பு முறிந்தால் அது கொடுங்காயம், 338. காயச் சான்றிதழைக் கொண்டுபோய்க் கொடுத்த பிறகுதான் பிரிவை மாற்றினார்கள். அதற்கு மட்டும் ஸ்டேஷனுக்கு நான்கு நடை, அதுவும் வாக்கரோடு. 2024 ஜூலை 1 முதல் நடந்த விபத்துகளுக்குப் புதிய சட்டத்தின் எண்கள் வரும். எண் எதுவானாலும் சாதாரணக் காயமா கொடுங்காயமா என்பதுதான் நாம் பார்க்க வேண்டியது.

பில் விஷயத்தில் நான் இழந்தது ஏறக்குறைய 40,000 ரூபாய். ஆஸ்பத்திரிக்குக் கட்டியது 2,60,000. அதற்கு முறையான பில் இருந்தது, பிரச்சினை இல்லை. ஆனால் ஒன்பது மாதம் வெளியே வாங்கிய மாத்திரை, ஊசி, முழங்கால் பெல்ட் எல்லாவற்றுக்குமான பில்களை மனைவி ஒரு கட்டைப்பையில் போட்டு வைத்திருந்தாள். வழக்குக்கு எடுத்துக் கொடுக்கும்போது பாதி பில் வெறும் வெள்ளைத் தாளாக இருந்தது. மருந்துக்கடையில் மெஷினில் அடித்துத் தரும் அந்த வழவழப்பான தாளில் எழுத்து சில மாதங்களில் மறைந்துவிடும். வாங்கிய அன்றே ஜெராக்ஸ் எடுத்து, மருந்துச் சீட்டோடு சேர்த்துப் பின் அடித்து வையுங்கள். பில்லில் நோயாளியின் பெயர் இருக்க வேண்டும். பிசியோதெரபிக்கு ஒவ்வொரு நாளும் 300 ரூபாய் கையில் கொடுத்தேன், ரசீது கேட்கவே தோன்றவில்லை. அந்தப் பணத்தில் ஒரு ரூபாய் கூடத் திரும்ப வரவில்லை.

அடுத்து, வழக்குப் போடும் நேரம். ஊனச் சான்றிதழ் கையில் வந்த பிறகுதான் வழக்குப் போட முடியும் என்று நான் நம்பிக்கொண்டிருந்தேன். என் பக்கத்துப் படுக்கைக்காரரும் அப்படித்தான் நினைத்திருந்தார். அது தவறு. மோட்டார் வாகனச் சட்டம் 166-வது பிரிவில் 2022 ஏப்ரல் 1 முதல் அமலுக்கு வந்த திருத்தப்படி, விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள், விபத்து இழப்பீட்டு வழக்குகளை விசாரிக்கும் தீர்ப்பாயத்தில் மனு போட வேண்டும். ஊனச் சான்றிதழோ எலும்பு கூடி, பிசியோதெரபி முடிந்து, இனி இதற்கு மேல் சரியாகாது என்ற நிலை வந்த பிறகு பார்த்துக் கொடுப்பது. இரண்டும் ஒரே நேரத்தில் நடக்காது. மனுவை முதலில் போட்டுவிட வேண்டும், சான்றிதழ் சாட்சி விசாரணை சமயத்தில் வந்தால் போதும். எனக்கு இது ஐந்தாவது மாதம்தான் தெரிந்தது. அவசர அவசரமாக நவம்பரில் எம்.சி.ஓ.பி. என்று சொல்லும் அந்த இழப்பீட்டு மனுவைப் போட்டோம். ஆறு மாதம் தாண்டிவிட்டது என்று நீங்களே முடிவு செய்துகொண்டு விட்டுவிடவும் வேண்டாம். அந்தக் கெடுவைப் பற்றி மேல் நீதிமன்றங்களில் வழக்குகள் போயிருக்கின்றன, வக்கீலிடம் கேளுங்கள். மனுவை விபத்து நடந்த ஊரில்தான் போட வேண்டும் என்பதும் இல்லை. நீங்கள் குடியிருக்கும் ஊரில் உள்ள தீர்ப்பாயத்திலும் போடலாம். காலை இழுத்துக்கொண்டு அலைபவனுக்கு இது பெரிய விஷயம்.

வக்கீல் ஃபீஸ் பற்றியும் ஒரு வார்த்தை. வரும் தொகையில் இத்தனை சதவீதம் என்று பேசுவது நம் ஊரில் சாதாரணமாக நடக்கிறது. ஆனால் வழக்கின் முடிவைப் பொறுத்து ஃபீஸ் பேசக்கூடாது என்பது பார் கவுன்சில் விதி. நான் முதலில் போன இடத்தில் அப்படிப் பேசி, வெறும் வக்காலத்துக் காகிதத்தில் கையெழுத்தும் வாங்கிக்கொண்டார்கள். பிறகு அங்கிருந்து என் வழக்குக் காகிதங்களை எடுத்துக்கொண்டு வேறு வக்கீலிடம் போக எனக்கு 15,000 ரூபாய் செலவானது. எழுத்தில் தொகை பேசிக்கொள்ளுங்கள். நிரப்பாத காகிதத்தில் கையெழுத்துப் போடாதீர்கள்.

இனி அந்த 55 சதவீதக் கதை. முதல் வக்கீல் ஆபீஸில் வந்துபோகும் ஒருவர், "ஊனச் சர்டிபிகேட்டுக்கு அலைய வேண்டாங்க, நம்ம டாக்டர் ஒருத்தர் இருக்கார், 8,000 ஆகும்" என்றார். அப்போது நான் வேலைக்குப் போகாமல் ஒரு வருடம் தாண்டியிருந்தது. மனைவியின் நகை அடகில் இருந்தது. எப்படியாவது வழக்கு முடிந்தால் போதும் என்ற மனநிலை. ஒரு ஞாயிற்றுக்கிழமை கூட்டிப்போனார்கள். அந்த டாக்டர் என் காலைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை. எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் ஒரு தடவை தூக்கிப் பார்த்தார், அவ்வளவுதான். ஐந்து நிமிடத்தில் 55 சதவீதம் என்று அச்சடித்த தாள் வந்தது. எனக்கு அன்றைக்கு உண்மையிலேயே சந்தோஷம். சதவீதம் கூடினால் பணமும் கூடும் என்றுதானே நினைத்துக்கொண்டிருந்தேன்.

கோர்ட்டில் அந்தத் தாள் ஒரு வாய்தா கூடத் தாங்கவில்லை. இந்த டாக்டர் சிகிச்சை அளித்தவரா, எந்த அளவுகோலில் 55 என்று கணக்கிட்டார், குறுக்கு விசாரணைக்கு வருவாரா என்று இன்சூரன்ஸ் வக்கீல் கேட்டார். டாக்டர் வரமாட்டேன் என்றுவிட்டார். பிறகுதான் இரண்டாவது வக்கீல் எனக்கு விளக்கினார். 2010 அக்டோபரில் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் பற்றி விரிவாகச் சொல்லியிருக்கிறது. சிகிச்சையே அளிக்காமல் தாராளமாகச் சான்றிதழ் கொடுக்கும் டாக்டர்களின் காகிதத்தைத் தீர்ப்பாயங்கள் எச்சரிக்கையோடு பார்க்க வேண்டும், சிகிச்சை அளித்த டாக்டரோ காயம்பட்டவரைப் பரிசோதித்து மதிப்பிட்டவரோ வந்து சாட்சி சொல்ல வேண்டும், தேவைப்பட்டால் டாக்டர்கள் குழுவான மருத்துவ வாரியத்துக்கு அனுப்பலாம் என்பது அதன் சாரம். என்னை அரசு மருத்துவமனையின் மருத்துவ வாரியத்துக்கு அனுப்பி உத்தரவு போட்டார்கள். போனது 8,000 ரூபாய் மட்டுமல்ல. 'இவன் விலைக்கு வாங்கிய சான்றிதழோடு வந்தவன்' என்ற எண்ணம் நீதிபதிக்கு வந்திருக்குமோ என்ற பயம் தீர்ப்பு வரும்வரை என்னைத் தூங்கவிடவில்லை.

மருத்துவ வாரியத்துக்கு நான் போனது நான்கு தடவை. எங்கள் பக்கம் வாரத்தில் ஒரு நாள்தான் பார்த்தார்கள். ஒவ்வொரு தடவைக்கும் ஆட்டோ வாடகை 700, கூட வருபவரின் ஒரு நாள் கூலி தனி. முதல் தடவை தீர்ப்பாயத்தின் கடிதம் அங்கே போய்ச் சேரவே இல்லை. இரண்டாவது தடவை கடிதம் இருந்தது, என் பழைய எக்ஸ்ரே ஃபிலிம் இல்லை. டிஸ்சார்ஜ் சம்மரி மட்டும் போதும் என்று போயிருந்தேன். ஆபரேஷனுக்கு முன் எடுத்தது, பின் எடுத்தது, கடைசியாக எடுத்தது என்று மூன்றும் வேண்டும் என்றார்கள். தனியார் ஆஸ்பத்திரியில் ஃபிலிமைத் தேடி எடுக்க ஒரு மாதம் ஆனது. டிஸ்சார்ஜ் ஆகும் அன்றே எல்லா ஃபிலிமையும் கேட்டு வாங்கிக்கொண்டு வந்துவிடுங்கள். மூன்றாவது தடவை எலும்பு டாக்டர் லீவு. இப்படியே நான்கு மாதம் ஓடிவிட்டது. அந்தக் காத்திருப்புக் கூடத்தில் பெஞ்சில் உட்கார்ந்தால் காலை நேராக நீட்டத்தான் முடியும். நடப்பவர்கள் தாண்டித் தாண்டிப் போவார்கள். ஒவ்வொருவரிடமும் "கால் மடங்காதுங்க" என்று சொல்லிச் சொல்லி வாய் வலித்துவிட்டது.

அந்தக் கூடத்தில் இன்னொரு குழப்பத்தையும் பார்த்தேன். மாற்றுத்திறனாளி அடையாள அட்டைக்கு வந்தவர்களும் விபத்து வழக்குக்கு வந்தவர்களும் ஒரே வரிசையில் நிற்பார்கள். அடையாள அட்டை 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டப்படி அரசின் உதவித்தொகை, பஸ் சலுகை, இட ஒதுக்கீடு போன்றவற்றுக்கு. அதில் பல சலுகைகளுக்கு 40 சதவீதம் என்பது எல்லைக்கோடு. விபத்து வழக்கில் அப்படி எல்லை எதுவும் கிடையாது. 10 சதவீதம் இருந்தாலும் இழப்பீடு உண்டு. மகனுக்கு 40 வரவில்லை, அதனால் வழக்கும் போச்சு என்று ஒரு அம்மா அங்கே அழுதுகொண்டிருந்தார்கள். நான்தான் விளக்கம் சொல்லி அவர்கள் வக்கீலுக்குப் போன் போட்டுக் கொடுத்தேன். இரண்டும் வேறு வேறு என்பதை ஒரு பலகையில் எழுதி அங்கே மாட்டியிருந்தால் எத்தனையோ பேருக்கு நிம்மதியாக இருக்கும்.

நான்காவது தடவை எலும்பு டாக்டர் இருந்தார். என்னைப் படுக்க வைத்து, இரண்டு கைகள் உள்ள கோணமானியை முழங்கால் பக்கவாட்டில் வைத்து, "முடிஞ்ச வரைக்கும் மடக்குங்க" என்றார். மடக்கினேன். கால் ஒரு இடத்தில் வந்து நின்றது. அந்தக் கருவியைப் பார்த்தபோது எனக்கு எங்கள் மூலைமட்டம்தான் ஞாபகம் வந்தது. சுவர் மூலையில் மூலைமட்டத்தை வைத்தால் எப்படிச் சரியாக நிற்குமோ, என் கால் அந்தக் கோணத்திலேயே நின்றுவிட்டது. பிறகு அவரே காலைப் பிடித்து மெதுவாக அழுத்திப் பார்த்தார். நாம் வேண்டுமென்றே மடக்காமல் இருக்கிறோமா என்பது அவர்கள் கைக்குத் தெரிந்துவிடும். எனக்கு முன்னால் போன ஒருவர் நடித்துப் பார்த்து, டாக்டரிடம் நன்றாகத் திட்டு வாங்கிக்கொண்டு வெளியே வந்தார். உள்ளதை உள்ளபடி காட்டுங்கள், அதுவே போதும். டேப் வைத்து இரண்டு தொடைகளையும் அளந்தார்கள். வலது தொடை 2 சென்டிமீட்டர் மெலிந்திருந்தது. கால் நீளத்தை அளந்தார்கள், அன்றைக்கே புதிதாக எக்ஸ்ரே எடுத்தார்கள். எல்லாம் சேர்த்து இருபது நிமிடம். என் உடம்பை ஒருவர் அக்கறையாகப் பார்த்தார் என்பதே அன்றைக்கு எனக்கு ஆறுதலாக இருந்தது.

அளந்து முடித்து எழுதும்போது, "என்ன வேலைங்க செய்றீங்க?" என்று கேட்டார். டைல்ஸ் வேலை என்றேன். "அப்படின்னா கீழ உக்காரணுமே" என்றார். "அதுதாங்க டாக்டர், உக்கார முடியல, அதைக் கொஞ்சம் எழுதுங்க" என்று கேட்டுக்கொண்டேன். வலது காலுக்கு 32 சதவீதம் நிரந்தர ஊனம் என்று எழுதி, அதற்குக் கீழே 'குத்தவைத்தோ சம்மணமிட்டோ உட்கார இயலாது, எடை தூக்கிப் படி ஏறுவது சிரமம்' என்று ஒரு வரி சேர்த்தார். அந்த ஒரு வரிதான் பிறகு வழக்கைத் தூக்கி நிறுத்தியது.

ஏன் என்று சொல்கிறேன். சான்றிதழில் இருக்கும் சதவீதம் வேறு, சம்பாதிக்கும் திறனில் குறைந்த சதவீதம் வேறு. இதையும் அதே ராஜ்குமார் தீர்ப்புதான் பிரித்துச் சொல்கிறது. ஒரு கை போனால் டிரைவருக்கும் தச்சருக்கும் பிழைப்பே போய்விடும், அரசு அலுவலகத்தில் எழுத்தராக இருப்பவருக்கு வேலை தொடரலாம். அதனால் என்ன வேலை செய்தவர், இப்போது அதில் எதைச் செய்ய முடியவில்லை என்று பார்த்துத் தீர்ப்பாயம் தனியாக முடிவு செய்ய வேண்டும். நம் தமிழ்நாட்டில் பல வழக்குகளில் வருமான இழப்பு நிரூபிக்கப்படாதபோது ஒரு சதவீதத்துக்கு 3,000, 5,000 என்று பெருக்கிக் கொடுத்துவிடுவார்கள். எனக்கு அப்படிப் போட்டிருந்தால் 32-ஐ 5,000-ஆல் பெருக்கி 1,60,000 ரூபாய். தொழில் திறன் இழப்பு நிரூபணமானால் பெருக்கல் காரணி முறை வரும், அதாவது வருட வருமானத்தை வயதுக்கு ஏற்ற ஒரு எண்ணால் பெருக்கி, அதில் திறன் இழப்புச் சதவீதத்தைக் கணக்கிடுவார்கள். 2009 சரளா வர்மா தீர்ப்புப்படி 41 முதல் 45 வயது வரை உள்ளவருக்குக் காரணி 14. எனக்கு அப்போது 42. 2017 பிரணய் சேத்தி தீர்ப்புப்படி சுயதொழில் செய்யும் 40 முதல் 50 வயதுக்காரருக்கு எதிர்கால வருமான உயர்வு 25 சதவீதம் சேர்ப்பார்கள். அந்தக் கணக்கில் எனக்கு எவ்வளவு வந்தது என்பதைப் பின்னால் சொல்கிறேன்.

நிரூபிப்பதற்குச் சான்றிதழ் மட்டும் போதவில்லை. என்னை இருபது வருடமாக வேலைக்குக் கூப்பிட்ட மேஸ்திரி ஒருவர் கோர்ட்டுக்கு வந்து, தரை டைல்ஸ் எப்படி ஒட்டுவார்கள், ஒரு நாளில் எத்தனை மணி நேரம் குத்தவைத்து உட்கார வேண்டும் என்று சொன்னார். நானும் என் பிரமாணப் பத்திரத்தில், இப்போது சின்ன ஸ்டூல் போட்டுச் சுவர் டைல்ஸ் மட்டும்தான் ஒட்டுகிறேன், அதிலும் கீழ் வரிசைக்கு இன்னொரு ஆள் வைக்க வேண்டியிருக்கிறது என்று எழுதியிருந்தேன். 'வேலை செய்ய முடியவில்லை' என்று மொட்டையாக எழுதாமல், எந்த அசைவு முடியவில்லை, அதனால் எந்த வேலை போனது என்று எழுதச் சொல்லி வக்கீலிடம் கேளுங்கள்.

நான் கோட்டைவிட்டது வருமானத்தில். மாதம் 25,000 சம்பாதித்தேன் என்று சொன்னேன், காட்ட எதுவும் இல்லை. கூலி எல்லாம் கையில் வாங்கியது. கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை இருந்தது, ஆனால் புதுப்பிக்காமல் விட்டிருந்தேன். தொழில் இதுதான் என்பதற்கு அது உதவியது, வருமானத்துக்கு உதவவில்லை. தீர்ப்பாயம் தானாகவே 14,000 என்று நிர்ணயித்தது. நம் போன்றவர்கள் கூலியில் பாதியையாவது பேங்க் கணக்கிலோ ஜிபேயிலோ வாங்கிப் பழக வேண்டும். வாரிய அட்டையையும் காலாவதி ஆகவிடக் கூடாது.

2025-இல் தீர்ப்பு வந்தது. 14,000-உடன் 25 சதவீதம் சேர்த்து 17,500, வருடத்துக்கு 2,10,000, காரணி 14, திறன் இழப்பு 20 சதவீதம் என்று வைத்து 5,88,000 ரூபாய். மருத்துவச் செலவு, வலி வேதனை, உடன் இருந்தவர் செலவு எல்லாம் தனித்தனியே. மனு போட்ட நாளிலிருந்து 7.5 சதவீத வட்டி. பணம் நேராக என் பேங்க் கணக்குக்கே வந்தது. அடகில் இருந்த நகையைத்தான் முதலில் மீட்டோம்.

ஒன்று விட்டுப்போயிற்று. உள்ளே இருக்கும் பிளேட்டை எடுப்பதற்கும் செலவு கேட்கலாம். ஆபரேஷன் செய்த டாக்டரிடம் தோராயமாக எவ்வளவு ஆகும் என்று லெட்டர்பேடில் எழுதி வாங்கி, விசாரணை முடிவதற்குள் தாக்கல் செய்ய வேண்டும். எனக்கு 45,000 என்று எழுதிக் கொடுத்தார், 30,000 அனுமதித்தார்கள். வரும் தை கழிந்ததும் பிளேட்டை எடுக்கத் தேதி வாங்கியிருக்கிறேன். எடுத்த பிறகு இன்னும் பத்து டிகிரி மடங்க வாய்ப்பு இருக்கிறது என்கிறார் டாக்டர். இந்தத் தடவை பழைய ஃபிலிம்களை எல்லாம் ஒரே உறையில் போட்டு, வெளியே தேதி எழுதி, பீரோவுக்குள் வைத்திருக்கிறேன்.